முத்திரையில்லாச் சரக்கு

மேற்கு மலையடிவாரத்தில் அய்யனார் கோவில் தொடங்கி ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் வரையுள்ள ஊர்களில் இன்று கைப்பேசியில்லாத வீடு அபூர்வம். மில் தொழிலாளியின் சம்பளக் கணக்கும், தோப்புக்காரரின் பாங்கி வரவும், மாணவனின் பாடமும், கடைக்காரரின் அன்றாடக் கொடுக்கல் வாங்கலும் அந்தச் சிறு யந்திரத்தின் வழியாகவே நடக்கின்றன. பணப்பெட்டியும் தஸ்தாவேஜுப் பெட்டியும் ஒன்றாகி ஜனங்களின் சட்டைப் பைக்குள் வந்துவிட்டன என்று சொன்னால் மிகையாகாது. அத்தகைய பெட்டியின் பூட்டை, அதன் சொந்தக்காரரே தம் கையால் கழற்றி வைக்கும்படி செய்யும் வியாபாரம் ஒன்று நாடெங்கும் நடந்து வருகிறது. மாற்றிய செயலிகளை இலவசமாக வழங்கும் கடைகளைத்தான் குறிப்பிடுகிறோம்.

சந்தா கட்டிக் கேட்க வேண்டிய பாட்டுச் செயலி அங்கே இலவசம். விளம்பரத்தோடு வரும் செயலி அங்கே விளம்பரமில்லாமல் கிடைக்கும். விளையாட்டில் காசு கொடுத்து வாங்க வேண்டிய நாணயங்கள் அங்கே அள்ள அள்ளக் குறையாமல் வரும். வாட்ஸ்அப்புக்கும் ஜி.பி. வாட்ஸ்அப், எஃப்.எம். வாட்ஸ்அப், யோ வாட்ஸ்அப் என்று, அசலில் இல்லாத வசதிகளைக் கூட்டிய வேஷங்கள் பல உண்டு. ஒருவர் உண்டாக்கிய செயலியை அவருடைய அனுமதியின்றி வேறொருவர் பிரித்து, தமக்கு வேண்டாததை நீக்கி, வேண்டியதைப் புகுத்தி, மறுபடியும் கட்டி ஊருக்கு விநியோகிக்கிறார். இளைஞர்கள் இதற்கு ‘மாட்’ என்று பெயரிட்டிருக்கிறார்கள். இதனால் நேரும் அபாயம் என்ன, சட்டம் என்ன சொல்கிறது, தேசத்தின் பொது நன்மை இதனால் எவ்வாறு கெடுகிறது என்பவற்றை ஆராய்வது நமது கடமையாகும்.

முதலில் ஒரு மயக்கத்தைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். கூகுளின் கடைக்கும் ஆப்பிளின் கடைக்கும் வெளியே இருக்கும் கடைகளெல்லாம் திருட்டுக் கடைகள் என்று சிலர் நினைக்கிறார்கள். அது முற்றிலும் தவறு. மூலத்தை யாவருக்கும் திறந்து வைத்த சுதந்திரச் செயலிகளை மாத்திரம் வழங்கும் எஃப்-டிராய்ட் என்ற கடை 2010 முதல் யோக்கியமாக நடந்து வருகிறது. நமது தேசத்திலேயே போன்பே கம்பெனியார் 2024 பிப்ரவரியில் இண்டஸ் என்ற கடையைத் திறந்து, தமிழ் உள்பட 12 இந்திய பாஷைகளில் நடத்த முன்வந்தனர். இவற்றில் செயலி வாங்குவது குற்றமுமல்ல, ஆபத்தை வலிய அழைப்பதுமல்ல. செயலியை மாற்றுவதும் எல்லாச் சமயத்திலும் குற்றமாகாது. உண்டாக்கியவரே ‘மாற்றிக்கொள்ளுங்கள், பிறருக்கும் கொடுங்கள்’ என்று உரிமைப் பத்திரம் எழுதி வைத்திருந்தால் யாரும் தாராளமாக மாற்றலாம். ஆகவே கடை எவருடையது என்பதல்ல கேள்வி. சரக்கில் இருக்கும் முத்திரை யாருடையது, அதை இடுவதற்கு அவருக்கு உரிமை உண்டா என்பதே கேள்வி.

முத்திரை என்பதை நாம் அலங்காரமாகச் சொல்லவில்லை. செயலியை உண்டாக்கியவரின் பேரில் ரகசியச் சாவி ஒன்றைக் கொண்டு அதற்கு ஒப்பமிடப்படுகிறது. ஆண்ட்ராய்டு கைப்பேசியானது, செயலியின் புதுப் பதிப்பு வரும்போது, பழைய ஒப்பமும் புதிய ஒப்பமும் ஒன்றுதானா என்று சோதித்த பிறகே அதை ஏற்றுக்கொள்ளும். உள்ளே ஓர் எழுத்தை மாற்றினாலும் அசல் ஒப்பம் செல்லாமற் போய்விடும். மாற்றியவர் தம் சொந்தச் சாவியைக் கொண்டு வேறு ஒப்பம் இட்டுத்தான் தீரவேண்டும். ‘அசல் செயலியை முதலில் நீக்குங்கள், பிறகு இதைப் போடுங்கள்’ என்று இத்தகைய கடைகள் சொல்வதன் ரகசியம் இதுதான். இந்த உத்தரவைப் படித்த கணமே, இது அசல்காரரிடமிருந்து வந்த சரக்கல்ல என்று எவரும் அறிந்துகொள்ளலாம். அதன்பின் அசல்காரர் பழுது நீக்கி அனுப்பும் புதுப் பதிப்புகளும் அந்தக் கைப்பேசிக்கு வந்து சேரா. முகமறியாத ஒருவரின் தயவிலேயே அது இருக்க வேண்டியதாகிறது.

முகமறியாத அந்த உபகாரி எதற்காக இரவு பகலாக உழைத்து நமக்கு இலவசமாகக் கொடுக்கிறார் என்று யோசித்துப் பார்ப்போர் சிலரே. விடை பலமுறை வெளிவந்திருக்கிறது. 2021 ஆகஸ்டில் காஸ்பர்ஸ்கி என்ற பாதுகாப்புக் கம்பெனி, எஃப்.எம். வாட்ஸ்அப்பின் ஒரு பதிப்பில் ட்ரையடா என்னும் நாசகாரி ஒளிந்திருப்பதைக் கண்டுபிடித்தது. அது கைப்பேசிக்குள் வேறு நாசகாரிகளை இறக்குமதி செய்யக்கூடியது. சொந்தக்காரருக்குத் தெரியாமலே கட்டணச் சேவைகளில் அவரைச் சந்தாதாரராகச் சேர்த்து விடவும் வல்லது. 2022 அக்டோபரில் யோ வாட்ஸ்அப்பின் ஒரு பதிப்பு, வாட்ஸ்அப் கணக்கைத் திறக்கும் சாவிகளையே களவாடி அனுப்புவது வெளியாயிற்று. அந்தச் செயலி வாக்களித்த வசதிகளைக் குறைவின்றிக் கொடுத்துக்கொண்டே களவையும் செய்தது என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். ‘எனக்கு நன்றாகத்தானே வேலை செய்கிறது’ என்ற சமாதானம் எவ்வளவு பொய்யானது என்பது இதனால் விளங்கும். அதே மாதத்தில் வாட்ஸ்அப்பின் உரிமையாளரான மெட்டா கம்பெனி, வேஷ வாட்ஸ்அப்களின் மூலம் 10 லட்சத்துக்கு மேற்பட்ட கணக்குகளைக் கைப்பற்றியதாகச் சீனா, தைவான் பிரதேசங்களில் நடந்துவந்த சில கம்பெனிகள் மீது கலிபோர்னியா கோர்ட்டில் வழக்குத் தொடர்ந்தது.

சில சமயங்களில் சரக்கு மட்டுமின்றிக் கடையே கெட்டுவிடுகிறது. 2021 ஏப்ரலில் ஏ.பி.கே.ப்யூர் என்ற பெரிய கடையின் சொந்தச் செயலியிலேயே, விளம்பரத்துக்காகச் சேர்த்த பகுதியின் வழியாக நாசகாரி புகுந்துவிட்டது. கண்டுபிடித்துச் சொன்ன பிறகு கடைக்காரர் வேறு பதிப்பு வெளியிட்டுச் சரி செய்தனர். இரும்புக் கோட்டை எனப்படும் ஆப்பிள் கைப்பேசியும் தப்பவில்லை. கம்பெனிகள் தங்கள் சிப்பந்திகளுக்கு மட்டும் செயலி வழங்குவதற்கென்று ஆப்பிள் கொடுக்கும் அத்தாட்சிப் பத்திரத்தைக் கைப்பற்றி, டுட்டுஆப், பாண்டா ஹெல்ப்பர் முதலிய கடைகள் ஸ்பாட்டிஃபை போன்ற செயலிகளின் திருட்டுப் பதிப்புகளை விநியோகித்ததை 2019-ல் ராய்ட்டர் செய்தி ஸ்தாபனம் வெளிப்படுத்தியது.

தூரதேசத்துக் கதைகள் என்று இவற்றைத் தள்ளிவிடுவதற்கில்லை. பி.எம். கிஸான் திட்டத்தின்படி விவசாயக் குடும்பங்களுக்கு ஆண்டுக்கு 6,000 ரூபாய் மூன்று தவணைகளில் கிடைக்கிறது. அந்தப் பெயரையே தூண்டிலாக்கிய பொய்ச் செயலி ஒன்றைப் பற்றி 2024-ல் தமிழ்நாடு போலீஸின் சைபர் குற்றப் பிரிவு ஜனங்களை எச்சரிக்க நேர்ந்தது. வாட்ஸ்அப்பில் வரும் அந்தச் செயலியை ஏற்றியவுடன், அது குறுஞ்செய்திகளைப் படிக்கும் அனுமதியைப் பெற்றுக்கொள்கிறது. பாங்கியிலிருந்து வரும் ஒருமுறைக் குறியெண் சொந்தக்காரரின் கண்ணுக்கு எட்டுமுன் திருடனின் கைக்கு எட்டிவிடுகிறது. யு.பி.ஐ. வழியாகப் பணம் பறந்துவிடுகிறது. கல்யாணப் பத்திரிகை என்றும், மோட்டார் வாகன அபராத நோட்டீஸ் என்றும் இதே தந்திரம் வேறு வேஷங்களில் பல மாகாணங்களில் பரவியதும் பத்திரிகை படிப்போர் அறிந்ததே.

விவசாயியை ஏமாற்றும் இந்தச் செயலிக்கும் மாணவன் விரும்பி ஏற்றும் பாட்டுச் செயலிக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். இரண்டும் நுழையும் வாசல் ஒன்றே. ‘அறியாத இடத்திலிருந்து வரும் செயலியை ஏற்கலாமா?’ என்று கைப்பேசி கேட்கும்போது, ‘ஏற்கலாம்’ என்று விரலால் அழுத்தும் பழக்கத்தைப் பாட்டும் விளையாட்டும் மகனுக்குக் கற்பிக்கின்றன. கிராமங்களில் தகப்பனாரின் கைப்பேசியைச் சீர்செய்து கொடுப்பவனும் அந்த மகன்தான். வீட்டில் ஒருவர் திறந்து வைத்த வாசல் வழியாக வீட்டாரெல்லோருடைய பணமும் போகக்கூடும். ஊர் எல்லையில் காவல் தெய்வத்தை நிறுத்தி வைத்த ஜனங்கள் கைப்பேசியின் எல்லையில் காவலைத் தாமே விலக்கிவிடலாகாது.

இனிச் சட்டம் என்ன கூறுகிறது என்று பார்ப்போம். 1957-ம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டம், செயலியையும் நூலைப் போலவே ஒருவருடைய படைப்பாகக் கருதிக் காக்கிறது. அனுமதியின்றிப் பிரதி செய்து பரப்புகிறவருக்கு 63-வது பிரிவின்படி 6 மாதம் முதல் 3 வருஷம் வரை சிறைவாசமும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. உரிமையைக் காக்க இட்ட பூட்டை, அவ்வுரிமையை மீறும் கருத்துடன் உடைப்பது 2012-ல் சேர்க்கப்பட்ட 65ஏ பிரிவின்படி தனிக் குற்றம். அதற்கு 2 வருஷம் வரை தண்டனை உண்டு. நாசகாரியை ஒருவருடைய யந்திரத்துக்குள் புகுத்துவோரைத் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 43, 66 பிரிவுகள் பிடிக்கின்றன. தண்டனை 3 வருஷச் சிறை, அல்லது 5 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

உபயோகிப்பவருக்கு ஒன்றுமில்லை என்று எண்ணுவதும் தவறு. திருட்டுப் பிரதி என்று அறிந்தே ஒரு செயலியைக் கம்ப்யூட்டரில் உபயோகிப்பது 63பி பிரிவின்படி குற்றமாகும். குறைந்தது 7 நாள், அதிகபட்சம் 3 வருஷம் சிறை என்றும், 50,000 ரூபாய்க்குக் குறையாத அபராதம் என்றும் அது விதிக்கிறது. லாபத்துக்காகவோ வியாபாரத்துக்காகவோ உபயோகிக்காதவராயின், தக்க காரணங்களை எழுதிச் சிறைவாசத்தைத் தவிர்க்கவும், அபராதத்தை 50,000 ரூபாய்க்குள் குறைக்கவும் கோர்ட்டுக்கு அதிகாரமுண்டு. ஓர் இலவசப் பாட்டுக்காக இந்தக் கத்தியைத் தலைமேல் தொங்கவிட்டுக்கொள்வது விவேகமா என்று வாலிபர்கள் யோசிக்க வேண்டும். ஆயினும் சர்க்கார் தங்கள் பலத்தைக் காட்ட வேண்டியது சிறுவர்கள் மீதல்ல. கடை நடத்துகிறவனையும், நாசகாரியைச் சேர்த்துக் கட்டுகிறவனையும், விளம்பரம் கொடுத்து அவனைப் போஷிக்கிறவனையும் விட்டுவிட்டுப் பள்ளிப் பிள்ளையைப் பிடிப்பதை நீதி என்று யாரும் ஒப்பமாட்டார்கள்.

இங்கே ஓர் ஆட்சேபம் எழும். ‘அந்நியக் கம்பெனிகள் கோடி கோடியாகச் சம்பாதிக்கின்றன. ஏழை மாணவன் ஒருவன் சந்தா கட்டாமல் பாட்டுக் கேட்டால் குடி முழுகிப் போய்விடுமா? ஏகபோகத்துக்கு எதிராக ஏழை கண்ட வழியல்லவா இது?’ என்று தேசபக்தியுள்ள இளைஞர்களே வாதிக்கிறார்கள். அவர்களுடைய கோபத்தின் நியாயத்தை நாம் மறுக்கவில்லை. ஆனால் அவர்கள் கண்டதாகச் சொல்லும் வழி எங்கே கொண்டுபோய் விடுகிறது என்பதை அவர்கள் ஆராயவில்லை.

அந்நியத் துணிக்கு எதிராகக் கதர் இயக்கம் நடந்த காலத்தை நினைவுகூர்வோம். காந்தியத் தொண்டர் பி. எஸ். குமாரசாமி ராஜாவைத் தேசத்துக்கு அளித்த ராஜபாளையத்துக்கு அந்தச் சரித்திரம் புதிதல்ல. அந்நியத் துணியைத் திருடி உடுத்துங்கள் என்று அன்று தலைவர்கள் சொல்லவில்லை, சொந்தமாக நூற்று உடுத்துங்கள் என்றே சொன்னார்கள். கதருக்கு மதிப்பு ஏற்பட்டவுடன், மில் துணியைக் கதர் என்று விற்கும் பித்தலாட்டமும் தலைகாட்டிற்று. 1925-ல் தோன்றிய அகில இந்திய சர்க்கா சங்கம் விற்பனையாளருக்கு அத்தாட்சி கொடுத்து அதைத் தடுக்க முயன்றது. கதர் என்ற பெயரைக் காப்பதற்கென்றே 1934-ல் தனிச் சட்டமும் செய்யப்பட்டது. முத்திரையைக் காத்தது ஏகபோகத்தைக் காப்பதற்காக அல்ல, சுதேசியைக் காப்பதற்காகவே. இன்றும் 2019-ல் புவிசார் குறியீடு பெற்ற ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பால்கோவாவின் பெயரில் வேறொரு ஊரார் மட்டச் சரக்கை விற்றால் நமக்குக் கோபம் வருமல்லவா? நம்முடைய பால்கோவாவுக்கு ஒரு நீதி, பிறருடைய செயலிக்கு வேறொரு நீதி என்று எவ்வாறு வாதிப்பது? இதே கடைகள் நாளை மதுரையிலோ கோயமுத்தூரிலோ ஒரு தமிழ் வாலிபன் அரும்பாடுபட்டு உண்டாக்கும் செயலியையும் உடைத்து இலவசமாக விநியோகிக்கும். பெரிய கம்பெனி அந்த நஷ்டத்தைத் தாங்கும், சிறு தொழில் தாங்காது.

இதைவிடப் பெரிய விபரீதம் ஒன்றுண்டு. கைப்பேசியின் வாசலுக்கு யார் அதிகாரி என்பது பற்றி நமது தேசத்தில் பெரிய வழக்கே நடந்திருக்கிறது. 2022 அக்டோபர் 20-ல் இந்தியப் போட்டி ஆணையம், ஆண்ட்ராய்டு துறையில் தன் ஆதிக்கத்தைத் துஷ்பிரயோகம் செய்ததாகக் கூகுளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. பிற கடைகளையும் தன் கடை வழியாக வழங்க இடங்கொடுக்க வேண்டும் என்றும், கடைக்கு வெளியிலிருந்து செயலி ஏற்றுவதைத் தடுக்கலாகாது என்றும் அது உத்தரவிட்டது. 2023 மார்ச் 29-ல் தேசியக் கம்பெனிச் சட்ட அப்பீல் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதிப்படுத்திற்று. ஆனால் மேற்சொன்ன இரண்டையும் சேர்த்து நான்கு உத்தரவுகளைத் தள்ளிவிட்டது. விவகாரம் சுப்ரீம் கோர்ட்டு வரை சென்றது. ஐரோப்பிய ஐக்கியத்திலோ புதிய சட்டத்தின் பலனாக 2024 மார்ச் முதல் ஆப்பிள் கம்பெனியே வேறு கடைகளுக்கு வழிவிட நேர்ந்தது.

இந்நிலையில் 2025 ஆகஸ்டில் கூகுள் புதிய திட்டமொன்றை அறிவித்தது. தன்னிடம் பெயரையும் அடையாளத்தையும் பதிவு செய்துகொள்ளாதவர்களின் செயலிகளை, எந்தக் கடையிலிருந்து வந்தாலும், அத்தாட்சி பெற்ற ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் ஏற்ற விடுவதில்லை என்பதே அது. 2026 செப்டம்பரில் பிரேசில், இந்தோனேசியா, சிங்கப்பூர், தாய்லாந்து ஆகிய நாடுகளில் தொடங்கி, 2027 முதல் ஏனைய தேசங்களுக்கும் அதை விஸ்தரிப்பதாகச் சொல்லிற்று. கண்டனம் எழுந்தபின், ஆபத்தை அறிந்த அனுபவசாலிகளுக்குத் தனி வழி வைப்பதாக அதே ஆண்டு நவம்பரில் சற்று இறங்கிவந்தது. இத்திட்டத்துக்கு அது காட்டிய காரணம் என்ன? இணையத்தில் கண்ட இடத்திலிருந்து ஏற்றும் செயலிகளில் நாசகாரிகள், தன் கடையிலுள்ளவற்றைக் காட்டிலும் 50 மடங்குக்கு மேல் காணப்படுகின்றன என்பதே. கணக்கு அந்தக் கம்பெனியினுடையது. ஆனால் அதை மறுத்துரைக்க முடியாதபடி சாட்சி தயாரித்துக் கொடுத்தவர்கள் யார்? மாற்றிய செயலிகளை விற்கும் கடைக்காரர்களும், அவற்றை நாடிச் சென்ற ஜனங்களுமே. ஏகபோகத்தை எதிர்ப்பதாக எண்ணிப் பொய்ச் சரக்கை வாங்குகிறவர், அந்த ஏகபோகத்தின் கையிலேயே பூட்டையும் சாவியையும் கொடுத்துவிடுகிறார். எஃப்-டிராய்ட் போன்ற யோக்கியமான கடைகள் அந்தத் திட்டத்தால் தங்களுக்கு ஆபத்து என்று முறையிட வேண்டிய நிலைமை இவ்வாறுதான் ஏற்பட்டது. திருடனைக் காட்டி வழிப்போக்கர் எல்லோருக்கும் கதவடைக்கும் நியாயம் இது.

ஆகையால் சர்க்கார் செய்ய வேண்டியவை இரண்டு. வெளிக் கடைகள் யோக்கியமாக நடப்பதற்குரிய விதிகளை வகுத்து, அவ்விதிகளுக்கு உட்பட்ட கடைகளுக்குக் கூகுளும் ஆப்பிளும் சம வழி விடும்படி செய்ய வேண்டும். யார் செயலி உண்டாக்கலாம் என்று தீர்மானிக்கும் அதிகாரத்தை ஓர் அந்நியக் கம்பெனியின் பதிவுப் புத்தகத்துக்கு விட்டுவிடலாகாது. பொய்ச் சரக்குக் கடைகளை நடத்துவோரையும் அவற்றுக்கு விளம்பரப் பணம் கொடுப்போரையும் தேடிப் பிடித்துத் தண்டிக்க வேண்டும். கம்பெனிகளும் தங்கள் பங்கை மறக்கலாகாது. நமது ஜனங்களின் வருமானத்துக்கு ஏற்ற சந்தாவும், தமிழில் விளங்கும் எச்சரிக்கையும் இருந்தால், பலர் திருட்டுக் கடைப் பக்கமே போகமாட்டார்கள்.

ஜனங்கள் செய்யக்கூடியது உடனே செய்யக்கூடியது. வாட்ஸ்அப்பிலோ டெலிகிராமிலோ வரும் ஏ.பி.கே. கோப்பை, அனுப்பியவர் உறவினரேயானாலும், திறக்கலாகாது. அவருடைய கணக்கே களவு போயிருக்கக்கூடும். அசலை நீக்கிவிட்டு ஏற்றச் சொல்லும் செயலியை ஏற்றலாகாது. பாட்டுச் செயலி குறுஞ்செய்தியைப் படிக்க அனுமதி கேட்டால் மறுத்துவிட வேண்டும். அறியாத இடத்துச் செயலிக்குக் கொடுத்த அனுமதியை இன்றே தேடிப் பார்த்து நீக்கிவிடலாம். பணம் போய்விட்டால் வெட்கப்பட்டு மறைத்துக்கொண்டிராமல் தாமதமின்றி 1930 என்ற எண்ணுக்குத் தெரிவிக்க வேண்டும். சீக்கிரம் சொன்னால் பணம் கைமாறுமுன் தடுத்து நிறுத்த இடமுண்டு.

பொதுத் தொண்டில் ஈடுபட்ட நமது நேயர்களுக்குத் தனியே ஒரு வார்த்தை. தேசத்தின் கைப்பேசிகள் இரண்டு அந்நியக் கம்பெனிகளின் கட்டளைக்கு உட்பட்டிருப்பதை எதிர்த்துப் போராடுவது நியாயமான போராட்டம். அதை நடத்துகிறவர்களின் சொந்தக் கைப்பேசியில் திருட்டுச் செயலி இருந்தால் அவர்களுடைய வாதம் கோர்ட்டிலும் ஏறாது, ஊரிலும் ஏறாது. கூட்டாளிகளின் பெயர்களும் எண்களும் உள்ள யந்திரத்தை வேற்றாருக்குத் திறந்து வைத்துவிட்டு இயக்கம் நடத்துவதும் சாத்தியமல்ல. சுதந்திரமான கடைகள் வேண்டும், தமிழில் செயலிகள் பெருக வேண்டும் என்று கேட்போர், முத்திரையில்லாச் சரக்கை முதலில் தாங்கள் கைவிட்டு, தங்கள் ஊர் இளைஞர்களும் கைவிடும்படி செய்ய வேண்டும். அதன் பிறகு கேட்கும் உரிமையை எந்தக் கம்பெனியாலும் எளிதில் மறுக்க முடியாது.